ஓர்ஸ் ஹில்லும் எங்கள் சேர்மாரும்

கிழக்கு மாகாணத்தில் படிப்பித்த யாரிடமாவது ஓர்ஸ் ஹில் என்று சொல்லிப் பாருங்கள். துறைமுகமோ கடற்காற்றோ அவருக்கு ஞாபகம் வராது. இடமாற்றம்தான் ஞாபகம் வரும். மருத்துவச் சான்றிதழ், பிள்ளையின் பிறப்பு அத்தாட்சிப் பத்திரம், அதிபரின் சிபாரிசுக் கடிதம் எல்லாவற்றையும் ஒரு பிளாஸ்டிக் உறைக்குள் வைத்துக்கொண்டு, மட்டக்களப்பிலிருந்தும் அக்கரைப்பற்றிலிருந்தும் விடியற்காலை பஸ் பிடித்து வந்து இந்த மேட்டில் ஏறியவர்கள் எத்தனையோ பேர். கடிதத் தலைப்புகளில் உவர்மலை என்று இருக்கும். வாயில் வருவது ஓர்ஸ் ஹில். ஆளுநரின் செயலகம் இங்கேதான். பிரதம செயலாளரின் கந்தோரும் இங்கேதான். ஒரு பக்கம் விவேகானந்தா கல்லூரியின் மணிச்சத்தம், மறுபக்கம் உள்துறைமுகத்தின் அசையாத தண்ணீர், இடையில் கோப்புகளைச் சுமந்த ஜீப்புகள். இந்த மலையில் குடியிருந்துகொண்டு, கொட்டியாரக் குடாவுக்கு அப்பால் மூதூர்ப் பக்கத்தில் நான் படிப்பித்தேன்.

அந்தக் காலத்தில் மூதூருக்குப் போவதென்றால் லோஞ்ச் என்ற இயந்திரப் படகுதான். தரைவழியே போனால் கிண்ணியாவிலேயே ‘பாதை’ என்று நாங்கள் சொல்லும் மிதவைப் படகில் ஏற வேண்டும். அதன் பிறகும் ஆறுகள் குறுக்கிடும். கிண்ணியாப் பாலம் திறந்தது 2009இல்தான். அதுவரை நகரத்திலிருந்து மூதூருக்குப் போய்வந்த ஆசிரியர்களின் வாழ்க்கையைக் கடல்தான் தீர்மானித்தது. வாடைக்காற்று மாதங்களில் லோஞ்ச் ஓடாது. ஓடாத நாளில் அங்கே வகுப்பில்லை. அந்தப் பிள்ளைகளின் பெறுபேறு ஏன் குறைந்தது என்று கொழும்பிலிருந்து வந்த அதிகாரிகள் கேட்கும்போது, நாங்கள் வானிலையைத்தான் சொல்ல வேண்டியிருந்தது.

லோஞ்சின் பலகையில் இருந்துகொண்டு ஆசிரியர்கள் கதைத்தது பாடத்தைப் பற்றி அல்ல, அரசியலைப் பற்றித்தான். அது இயல்பு. இந்தப் பகுதியில் ஆசிரியர் என்பவர் வகுப்பறையோடு நின்றவர் அல்ல. நிவாரணப் படிவம் நிரப்புவதற்கு அவரிடம்தான் வருவார்கள். காணாமற்போன மகனுக்காக ஆணைக்குழுவுக்கு மனு எழுதுவதற்கு அவரிடம்தான் வருவார்கள். வர்த்தமானியில் வந்த காணி அறிவித்தலை வாசித்து விளங்கப்படுத்துவதும் அவரே. சண்டை வந்தால் பாடசாலை அகதி முகாமாகும். அன்றைக்கே அதிபர் முகாம் பொறுப்பாளராவார். இராணுவ அதிகாரியோடு கதைப்பார், கிராம உத்தியோகத்தரோடு வாதாடுவார், அரிசி மூட்டையை எண்ணி எடுப்பார், மலசலகூடத்துக்குக் குழி வெட்டுவிப்பார். இவ்வளவையும் செய்த ஒருவர் ஓய்வு பெற்றபின் தேர்தலில் நின்றால் அதைத் தொழில் மாற்றம் என்று நான் சொல்ல மாட்டேன். செய்துகொண்டிருந்த வேலைக்கு அவர் வாக்குக் கேட்டார், அவ்வளவுதான்.

எங்கள் மாவட்டத்தில் அப்படி வந்தவர் கதிரவேற்பிள்ளை துரைரெட்ணசிங்கம். ஆசிரியராகவும் அதிபராகவும் இருந்தவர். 2001 டிசம்பர் தேர்தலில் தமிழ்த் தேசியக் கூட்டமைப்புக்குக் கிடைத்த தேசியப்பட்டியல் இடத்தில் மு. சிவசிதம்பரம் இருந்தார். 2002 ஜூனில் அவர் காலமானபோது அந்த இடம் துரைரெட்ணசிங்கம் சேருக்குக் கொடுக்கப்பட்டது. 2004இல் திருகோணமலை மாவட்டத்தில் கூட்டமைப்பு இரண்டு ஆசனங்களை வென்றது. ஒன்று கூட்டமைப்பின் தலைவர் இரா. சம்பந்தனுக்கு, மற்றது இவருக்கு. பாராளுமன்ற உறுப்பினரான பிறகும் ஊரில் எவரும் அவரை எம்.பி. என்று கூப்பிட்டு நான் கேட்டதில்லை. சேர் சேராகவே இருந்தார்.

அந்த 2004க்குப் பின் வந்த காலத்தை நினைத்தால் இன்றைக்கும் நெஞ்சு பதறும். 2005 நத்தார் ஆராதனையில் கூட்டமைப்பு எம்.பி. ஜோசப் பரராஜசிங்கத்தை மட்டக்களப்புத் தேவாலயத்துக்குள் சுட்டார்கள். அடுத்த ஆண்டு நவம்பரில் கொழும்பு வீதியில் இன்னொரு கூட்டமைப்பு எம்.பி. ரவிராஜ் சுடப்பட்டார். இரண்டுக்கும் இடையில், 2006 ஜனவரி 2ஆம் திகதி, எங்கள் நகரத்துக் கடற்கரையில் ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டார்கள். கெட்டிக்காரப் பிள்ளைகள். மாலை நேரத்தில் கடற்கரையில் கதைத்துக்கொண்டிருந்தவர்கள். நகரத்து ஆசிரியர் எவரும் அந்தத் திகதியை மறக்கவில்லை. அதற்குப் பிறகு வந்த நாட்களில் வகுப்புக்குள் போய் வரவுப் பதிவேட்டை விரித்து ஒவ்வொரு பெயராக வாசிப்பதே எங்களுக்குப் பெரும்பாடாக இருந்தது. அப்படிப்பட்ட காலத்தில் கூட்டமைப்பு எம்.பி. ஆக இருப்பது என்பது ஒவ்வொரு நாளும் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு வெளியே போவதுதான்.

அதே ஆண்டு ஏப்ரலில் மூதூர் கிழக்கில் குண்டு விழுந்தது. சம்பூர்ச் சனம் சிதறியது. செப்டம்பர் தொடக்கத்தில் இராணுவம் சம்பூரைப் பிடித்தது. அடுத்த ஆண்டு அது உயர் பாதுகாப்பு வலயம் என்று அறிவிக்கப்பட்டது. பின்பு அனல் மின்நிலையம் என்றார்கள், கைத்தொழில் வலயம் என்றார்கள். சம்பூரில் பிறந்த சனம் மட்டக்களப்பிலும், பிறகு கிளிவெட்டி, பட்டித்திடல், கட்டைபறிச்சான் முகாம்களிலும் தகரத்துக்குக் கீழே வருடக்கணக்காகக் கிடந்தது. முகாமுக்குள் நடந்த பாடசாலையில் ஒரு தாய் என்னைப் பிடித்துக்கொண்டு சொன்னதை மறக்க முடியாது. “ரீச்சர், சேரைக் கண்டா சொல்லுங்க, எங்கட பள்ளிக்கூடம் எப்ப துறப்பாங்க எண்டு கேட்டுச் சொல்லச் சொல்லி.” வீடு எப்போது கிடைக்கும் என்று அவர் கேட்கவில்லை. பள்ளிக்கூடம் திறந்தால் ஊரே திறந்த மாதிரி என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

பாராளுமன்றத்தில் எதிர்க்கட்சி உறுப்பினர் ஒருவரால் அந்தப் பாடசாலையைத் திறக்க முடியாது. கேள்வி கேட்கலாம், உரையாற்றலாம், ஹன்சார்ட்டில் பதியலாம். 2010இல் கூட்டமைப்புக்கு மாவட்டத்தில் ஓர் ஆசனம்தான் கிடைத்தது. துரைரெட்ணசிங்கம் சேர் வெளியே நின்றார். 2015இல் தேசியப்பட்டியல் வழியாகத் திரும்பவும் உள்ளே போனார். அந்த ஆண்டில்தான் சம்பூர் மக்களின் காணிகள் விடுபடத் தொடங்கின.

பாடசாலையைத் திறக்கும் அதிகாரம் எங்கே இருந்தது? ஓரளவுக்கு இந்த மலையில். 1987இன் அரசியலமைப்பு 13ஆவது திருத்தம் கல்வியின் பெரும் பகுதியை மாகாணத்திடம் கொடுத்தது. 1988 நவம்பரில் வடக்கு கிழக்கு மாகாண சபைக்குத் தேர்தல் நடந்து திருகோணமலை தலைநகரானது. முதலமைச்சராக வந்த வரதராஜப்பெருமாளும் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் படிப்பித்தவர்தான். அந்தச் சபை 1990க்கு அப்பால் நிலைக்கவில்லை. அதன் பிறகு ஆளுநரின் நிருவாகம்தான், பதினெட்டு வருடம். 2006 ஒக்டோபரில் உயர் நீதிமன்றம் வடக்கையும் கிழக்கையும் பிரித்தது. 2008 மேயில் கிழக்குக்கென்று முதல் தேர்தல் வந்தபோது கூட்டமைப்பு அதில் கலந்துகொள்ளவில்லை.

2012 செப்டம்பரில் கூட்டமைப்பு களத்தில் இறங்கியது. திருகோணமலையில் அதன் முதன்மை வேட்பாளராக வந்தவர் சிங்காரவேலு தண்டாயுதபாணி. கல்விப் பணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவர். எங்கள் சம்பள உயர்ச்சிப் படிவங்களையும் இடமாற்றக் கோரிக்கைகளையும் கையாண்ட துறையிலிருந்து ஒருவர் வாக்குக் கேட்டு வந்தபோது ஆசிரியர் ஓய்வறைகளில் பெரிய உற்சாகம். 37 ஆசனங்களில் கூட்டமைப்பு 11ஐ வென்றது. முதலமைச்சர் பதவியை முஸ்லிம் காங்கிரஸுக்கே தருகிறோம், சேர்ந்து ஆட்சி அமைப்போம் என்று கூட்டமைப்பு கேட்டும் அது நடக்கவில்லை. முஸ்லிம் காங்கிரஸின் ஏழு பேர் அன்றைய அரசாங்கக் கட்சியின் பக்கம் போனார்கள். தண்டாயுதபாணி சேர் எதிர்க்கட்சித் தலைவரானார்.

2015 ஜனவரியில் நாட்டில் ஜனாதிபதி மாறினார். காற்று இங்கேயும் மாறியது. பெப்ரவரியில் முஸ்லிம் காங்கிரஸின் நசீர் அகமட் முதலமைச்சரானார். 11 பேரை வைத்திருந்தவர்கள் 7 பேரை வைத்திருந்தவர்களுக்கு முதலமைச்சர் பதவியை விட்டுக்கொடுப்பதா என்று தமிழ்ச் சனத்துக்குள் கடுமையான வாதம் நடந்தது. எனக்கு அப்போதும் இப்போதும் ஒரே அபிப்பிராயம்தான்: செய்தது சரி. மூன்று இனமும் ஒரே லோஞ்சில் போகிற மாவட்டம் இது. மாகாணத்தில் 17 கல்வி வலயங்கள். தமிழ், முஸ்லிம், சிங்களப் பாடசாலைகள் பக்கத்துப் பக்கத்தில் இருக்கின்றன. கணக்குப் பார்த்துக்கொண்டு வெளியே நின்றால் இழப்பு எங்கள் பிள்ளைகளுக்கு. கூட்டமைப்பு உள்ளே போனது. அதுவரை அம்பாறையைச் சேர்ந்த விமலவீர திசாநாயக்க வைத்திருந்த கல்வி அமைச்சு தண்டாயுதபாணி சேருக்கு வந்தது. வடக்கு கிழக்குப் பிரிந்தபின் கிழக்கின் கல்வி ஒரு தமிழ்க் கல்வியாளரின் கைக்கு வந்தது அப்போதுதான்.

அந்த அமைச்சுக்கு எங்களைப் போல எத்தனையோ பேர் வந்து குவிந்தோம். இடமாற்றம் வேண்டும் என்பவர்கள், இடமாற்றத்தை ரத்துச் செய்ய வேண்டும் என்பவர்கள், பத்து வருடம் சம்பளமில்லாமல் படிப்பித்த தொண்டர் ஆசிரியர்கள், கட்டடம் கேட்டு வந்த அபிவிருத்திச் சங்கத்தினர். நானும் ஒரு முறை எங்கள் பாடசாலைக்கு விஞ்ஞான ஆசிரியர் கேட்டு பெற்றோரோடு சேர்ந்து வந்து வாங்கில் காத்திருந்தேன். பக்கத்தில் இருந்த வெருகல்காரர் ஒருவர் தன் கிராமத்துப் பாடசாலையின் கதையைச் சொன்னார். ஆசிரியர் இருக்கிறார், ஆனால் வெள்ளிக்கிழமை பத்து மணிக்கே மட்டக்களப்பு பஸ்ஸைப் பிடித்துவிடுவார். திங்கள் மத்தியானம்தான் வருவார். பஸ்ஸின் நேரம் அப்படி. விடுதி கட்டித் தந்தால் நிற்பார் என்றார். கிழக்கின் கல்விப் பிரச்சினை முழுவதும் அந்த மனிதரின் பேச்சுக்குள் இருந்தது. மாவட்டத்துக்கு மாவட்டம் ஆசிரியர் எண்ணிக்கை சமனில்லை. நகரத்தில் குவிந்திருப்பார்கள், எல்லைக் கிராமத்தில் இருக்க மாட்டார்கள். இதை ஒரு பணிப்பாளர் அறிவார். அமைச்சரான பணிப்பாளருக்கு யாரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை.

ஆனால் அறிவது வேறு, செய்ய முடிவது வேறு. 1987ஆம் ஆண்டின் மாகாண சபைகள் சட்டம் மாகாண உத்தியோகத்தர்களின் நியமனம், இடமாற்றம், ஒழுக்காற்று எல்லாவற்றையும் ஆளுநரின் கையில் வைத்திருக்கிறது. முதலமைச்சரோடு நான்கு அமைச்சர்களுக்கு மேல் இருக்க முடியாது. பணம் கொழும்பிலிருந்து வர வேண்டும். வருவதில் பெரும் பகுதி சம்பளத்துக்கே போய்விடும். நகரத்துப் பெரிய பாடசாலைகள் சில தேசிய பாடசாலைகள்; அவற்றில் மாகாண அமைச்சருக்கு அதிகாரமில்லை. தமிழ்நாட்டில் பச்சையப்பன் கல்லூரியில் விரிவுரையாளராக இருந்த க. அன்பழகன் கல்வி அமைச்சரானபோது அவருக்குப் பின்னால் ஒரு முழு மாநில அரசு நின்றது. எங்கள் அமைச்சருக்குப் பின்னால் நின்றது ஒரு கோப்பு. அதில் ஆளுநரின் கையொப்பத்துக்கு விட்ட வெற்றிடம். இந்த வித்தியாசத்தைப் பார்க்காமல் “எங்கட ஆக்கள் வந்தும் என்ன செய்தவை?” என்று கேட்பது நியாயமில்லை.

2016 மார்ச்சில் சம்பூரில் கடற்படை முகாமுக்குள் இருந்த நிலமும் சம்பூர் மகா வித்தியாலயமும் மக்களிடம் திரும்பி வந்தன. பத்து வருடம்! முகாமில் என்னைப் பிடித்துக் கேட்ட அந்தத் தாயின் பிள்ளைகள் அதற்குள் பாடசாலை வயதையே கடந்திருப்பார்கள். மே 20ஆம் திகதி அந்தப் பாடசாலையில் நடந்த விழாவுக்கு அமெரிக்கத் தூதுவரும் ஆளுநர் ஒஸ்ரின் பெர்னாண்டோவும் வந்திருந்தார்கள். மேடையருகே முதலமைச்சர் ஒரு கடற்படை அதிகாரியை ஏசினார். அந்த வீடியோ நாடு முழுக்க ஓடியது. படையினர் முதலமைச்சரின் நிகழ்வுகளைப் புறக்கணிப்பதாக அறிவித்தார்கள். பத்திரிகைகளில் நாட்கணக்காக அதே கதை. ஒரு பாடசாலை பத்து வருடத்துக்குப் பிறகு திறந்திருக்கிறது, அங்கே மேசை கதிரை இருக்கிறதா, கணித ஆசிரியர் இருக்கிறாரா என்று ஒருவரும் எழுதவில்லை. எனக்கு அன்றைக்கு வந்த கோபம் இன்றைக்கும் ஆறவில்லை. மாகாணசபை என்றால் பதவிச் சண்டை என்று நாட்டுக்குக் காட்டுவதற்கு அந்த ஒரு வீடியோ போதுமாக இருந்தது. அதே சபைக்குக் கீழே நடந்த அன்றாட வேலை யாருக்கும் தெரியாமல் போனது.

2017 தொடக்கத்தில் வேலையில்லாப் பட்டதாரிகள் மட்டக்களப்பிலும் திருகோணமலையிலும் வீதியோரத்தில் கூடாரம் அடித்துச் சத்தியாக்கிரகம் இருந்தார்கள். அவர்களில் என்னிடம் படித்தவர்களும் இருந்தார்கள். ஒரு பக்கம் ஆசிரியர் இல்லாத பாடசாலை, மறுபக்கம் பாடசாலை இல்லாத பட்டதாரி. இடையில் கொழும்புத் திறைசேரியின் அனுமதி. தண்ணீர் கொடுக்கப் போனபோது ஒரு பெடியன் கேட்டான்: “ரீச்சர், அமைச்சர் உங்கட துறை ஆள்தானே, ஏன் முடியாது?” நியாயமான கேள்வி. அவனுக்குச் சட்டத்தைச் சொல்லிக் கொடுத்தேன். அவன் திருப்திப்படவில்லை, படவும் தேவையில்லை. ஆனால் அவனுக்கு ஏசுவதற்கு ஒரு அமைச்சர் இருந்தார். வாக்குப் போட்டுத் தெரிந்தெடுத்த, அடுத்த முறை வாக்குக் கேட்டு வந்து நிற்க வேண்டிய ஒருவர். அந்த உரிமை எவ்வளவு பெரியது என்று அது போன பிறகுதான் தெரிந்தது.

போனது அந்த ஆண்டு செப்டம்பர் 30ஆம் திகதி. ஐந்து வருடம் முடிந்து சபை கலைந்தது. கலைவதற்கு முன் எல்லா மாகாணங்களுக்கும் ஒரே நாளில் தேர்தல் நடத்துவதற்கான 20ஆவது திருத்தத்துக்கு எங்கள் சபையும் கை உயர்த்தியது. அந்த வாக்கு பிழையானது என்று நான் நினைக்கிறேன். தன் தேர்தல் திகதியைத் தானே கொழும்பிடம் ஒப்படைக்க ஒரு சபை சம்மதிக்கக் கூடாது. உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பால் அந்தத் திருத்தம் நின்றது. உடனே அரசாங்கம் தேர்தல் முறையையே மாற்றி 17ஆம் இலக்கச் சட்டத்தைக் கொண்டுவந்தது. புதிய எல்லைகளைக் குறித்த அறிக்கையை 2018 ஓகஸ்டில் பாராளுமன்றம் தோற்கடித்தது. கொண்டுவந்த அமைச்சரே எதிர்த்து வாக்களித்தார். பழைய சட்டமுமில்லை, புதிய எல்லையுமில்லை. தேர்தல் அந்த இடைவெளிக்குள் விழுந்து கிடக்கிறது.

துரைரெட்ணசிங்கம் சேர் 2021 மே மாதம், பயணத்தடை இருந்த கொரோனா காலத்தில் காலமானார். சாதாரண காலமாக இருந்திருந்தால் அவரிடம் படித்த தலைமுறைகள் அந்தச் சாவீட்டை நிறைத்திருக்கும். நாங்கள் வீட்டுக்குள் இருந்துகொண்டு தொலைபேசியில்தான் ஆளுக்காள் துக்கம் விசாரித்தோம். 2024 ஜூன் 30இல் சம்பந்தன் ஐயாவும் போய்விட்டார்.

இதற்கிடையில் இந்த மலையில் எத்தனை ஆளுநர்கள்! போகொல்லாகம, ஹிஸ்புல்லாஹ், ஷான் விஜயலால் டி சில்வா, அனுராதா யஹம்பத், செந்தில் தொண்டமான், இப்போது ஜயந்த லால் ரத்னசேகர. கடைசியானவர் பேராசிரியர், பல்கலைக்கழகத் துணைவேந்தராக இருந்தவர். கல்வி அறிந்தவர் என்பதில் எனக்குச் சந்தோஷம். ஆனால் இவர்களில் ஒருவரையும் வெருகலிலோ சம்பூரிலோ கிண்ணியாவிலோ சேருவிலவிலோ யாரும் வாக்குப் போட்டு அனுப்பவில்லை. ஜனாதிபதி அனுப்புவார், ஜனாதிபதி திருப்பி எடுப்பார். அந்த வெருகல்காரர் இன்றைக்கு விடுதி கேட்டு வந்தால் எந்த வாங்கில் இருப்பார்? மனுக் கொடுக்கலாம். கேள்வி கேட்க ஆளில்லை.

இந்த நாட்டில் இலவசக் கல்வியைக் கொண்டுவந்த கன்னங்கரா, சட்டத்தரணியாவதற்கு முன் கணிதம் படிப்பித்தவர். எங்கள் நகரத்தில் இந்துக் கல்லூரி அதிபராக இருந்தவர் சுவாமி விபுலாநந்தர். ஒருவர் அரச சபைக்குள் போனார், மற்றவர் கல்லூரிக்குள்ளேயே நின்றார். இரண்டு வழியும் இந்த மண்ணுக்குத் தெரியும். எல்லா ஆசிரியரும் அரசியலுக்கு வர வேண்டும் என்று நான் கேட்கவில்லை. வர விரும்புகிற ஓர் ஆசிரியருக்கு, தன் மாவட்டத்தின் பாடசாலைகளை ஒவ்வொன்றாக அறிந்த ஒருவருக்கு, நிற்பதற்கு ஒரு சபை இருக்க வேண்டும் என்றுதான் கேட்கிறேன். பாராளுமன்றத்தின் 225 பேருக்குள் அவர் குரல் கரைந்துவிடும். 37 பேர் இருந்த எங்கள் மாகாண சபையில் கரையாது.

ஆகவே ஆட்சியில் இருப்பவர்களிடம் கேட்பது இது: எல்லை நிர்ணயம் முடியவில்லை என்றால் பழைய விகிதாசார முறையிலேயே மாகாணசபைத் தேர்தலை நடத்துங்கள். அதற்குப் பாராளுமன்றத்தில் ஒரு சிறு திருத்தம் போதும். தமிழ்க் கட்சிகளிடம் கேட்பது: அந்தத் தேர்தல் வரும் நாளில், வேட்பாளர் பட்டியலில் முதல் இடங்களை, லோஞ்சிலும் பாதையிலும் ஏறி இறங்கிப் படிப்பித்த ஆட்களுக்குக் கொடுங்கள். என் வயதுக்காரர்களுக்கு வேண்டாம், இப்போது படிப்பித்துக்கொண்டிருக்கிற இளம் ஆசிரியர்களுக்குக் கொடுங்கள். பெண் ஆசிரியர்களுக்கும் கொடுங்கள்.